பெயர்ப் பட்டியல்

கச்சான் காற்று வீசும் மாதங்களில்
சின்னப்பாலத்தில் யார் பேச்சையும் பதிவுசெய்ய முடியாது.
மைக்குக்குப் பழைய கம்பளிக் காலுறை மாட்டினேன்,
அதன்மேல் என் துப்பட்டாவைச் சுற்றினேன்.
அப்படியும் பிரகாசியக்கா சொன்ன முதல் வாக்கியத்தில்
பாதியைக் கடல் தின்றது.

விடியுமுன் வள்ளத்தில் ஏறிவிடுவார்கள்.
சேலைக்கு மேல் ஆம்பளைச் சட்டை,
விரல்நுனிகளில் கந்தைத்துணி,
அடியில், பாறையில், மரிக்கொழுந்துப் பாசி.

படம் பிடித்தவளை
ராத்திரியில் படம் தொகுப்பவள் திட்டினாள்:
அடியே, அந்தக் கை தண்ணீருக்கு மேலே வரும்போது
எதுக்குடி நகர்ந்தாய்?
ஒலிக்காரிக்கு வேறு வழக்கு:
நெடுக உன் மூச்சுதான் கேட்கிறது.
மூன்று பேருக்கும் சேர்த்து
பாம்பன் முக்கில் ஒரே தட்டுப் பரோட்டா.

கீழக்கரையில் ஒரு நிக்காஹ்,
பெண்கள் பக்கத்துக்குப் பெண் கேமராதான் வேண்டுமென்றார்கள்.
அது இரண்டு ஹார்ட் டிஸ்க் ஆனது.
பரமக்குடியில் மூன்று காதுகுத்து
வள்ளத்து டீசலாய் எரிந்து போயின.
தேவிபட்டினத்து இறால் பண்ணைக்காரருக்கு
மூன்று நிமிட விளம்பரம், முழுக்கப் பொய்.
அந்தக் காசில் வாங்கிய லென்ஸில்தான்
தண்ணீர் முதன்முதலாகத் தெளிந்தது.

நாலாம் வருடம், வாடையில்,
வள்ளம் ஒருபக்கம் சாய்ந்தது.
கேமராவைக் கீழ வச்சிட்டுப் பையப் பிடி புள்ள!
பிடித்தேன்.
அந்த நாள் படத்தில் இல்லை.
ஈரப்பாசி இவ்வளவு கனக்கும் என்பதும்
ஆறு வருடக் காட்சிகளில் எங்கும் இல்லை.

வலைக்கூடத்துச் சுண்ணாம்புச் சுவரில் திரையிட்டேன்.
ஐம்பத்திரண்டு நிமிடம்.
தங்கள் முகம் வந்தபோதெல்லாம் சிரித்தார்கள்,
நான் அழுவார்களென்று நினைத்து
இசையைக் கூட்டி வைத்திருந்த இடத்தில்
ஒருத்தி எழுந்து பிள்ளையை ஒன்றுக்கு விடப் போனாள்.

கடைசியில் பெயர்கள்.
ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு,
ஆங்கில வரிகள், தயாரிப்பு, இயக்கம்:
ஆறு இடத்திலும் என் பெயரே ஏறி மறைந்தது.
பிரகாசியக்காவின் பேத்தி
எழுத்துக்கூட்டி வாசித்துச் சொன்னாள்.

எல்லாத்துக்கும் ஒம் பேரையே போட்டிருக்கியே புள்ள,
வேற ஆளு கெடைக்கலியா?
பையப் பிடிச்சது யாருன்னு மட்டும் போடலியே?

பதில் சொல்லவில்லை.
புரொஜக்டர் இன்னும் கொதித்துக்கொண்டிருந்தது.
வயரைச் சுற்றத் தொடங்கினேன்.
அதுவும் என் வேலைதான்.