எண்ணெய் முறை

மாற்றலில் வந்த அன்று திம்மராயன் கடையில்
பூட்டு கேட்டேன்.
ஆணி இருந்தது, கீல் இருந்தது,
எலிப்பொறி, கிணற்று உருளை,
மாங்காய் பறிக்கும் வலைத்தொரட்டி.
"பூட்டு கிருஷ்ணகிரியில வாங்கிக்கோங்க சார்."
ஆணிக்கான மீதிச் சில்லறையை
என் கையில் தராமல் மேசைமேல் வைத்தார்.

மின்வாரியத்தில் கணக்கெடுப்பவன் நான்.
வீடு வீடாகப் போகிறவனுக்குக் கதவுகள் தெரியும்.
தொட்டம்பள்ளியில் ஒரு கதவுக்கும் வெளித்தாழ்ப்பாள் இல்லை.
பிடுங்கிய இடத்தில் நான்கு ஓட்டை,
சுண்ணாம்பு வைத்து அடைத்தது.
கல்யாணத்துக்குப் போகிறவர்கள்
கதவில் ஒரு முறத்தைச் சாய்த்துவிட்டுப் போனார்கள்.
ரேஷன் கடைக்கு, ஒரு கல்.

நான் வாங்கினேன். ஏழு லீவர், நூற்றெண்பது ரூபாய்.
பெங்களூராக் காய் லாரிகளில் வரத் தொடங்கிய வாரம்
பூட்டிய என் அறைக்குள்ளிருந்து
யாரோ தட்டியதாக வீட்டுக்காரி கவுரக்கா சொன்னாள்,
குழாயில் தண்ணீர் வந்தது என்பதுபோல.
அன்றிரவு டிபன் கேரியர் தட்டியது.
பிறகு பெட்டி.
விரல்முட்டியின் ஒலி இல்லை அது,
உள்ளங்கை.

இணைப்பு எண் 114, மாங்கூழ் ஆலை.
துண்டித்துப் பத்தொன்பது வருடம்.
மே, ஜூனில் மட்டும் பதினொரு யூனிட்.
எனக்கு முன்னிருந்தவர் பென்சிலால் எழுதி,
அழித்து,
மறுபடி எழுதியிருந்தார்.

கேட்டேன்.
"அந்த வருசம் நல்ல காய்ப்பு" என்றார் டீக்கடைக்காரர்.
"அமோனியா கண்ணுக்குத் தெரியாது" என்றார் தபால்காரர்
கேட்காமலே.
மருந்துக்கடை பச்சியம்மாள்தான்
மாத்திரை அட்டையை வெட்டியபடி சொன்னாள்:
"பழம் திருடுறாங்கன்னு பூட்டுனது.
ராத்திரி ஷிப்டு பொண்ணுங்க.
தட்டுனது ஊருக்கே கேட்டுச்சு.
மாரியம்மன் திருவிழா, மேளம்னு நெனச்சோம்."
கத்தரிக்கோலைக் கீழே வைத்தாள்.
"நெனச்சோம்னு சொல்லிக்கிட்டோம்."

ஜூன் கடைசியில்
கவுரக்கா என் ஜன்னலில்
ஒரு சாவியும் விளக்கெண்ணெய்ச் சீசாவும் வைத்தாள்.
"இந்த வருசம் நம்ம வீட்டு முறை.
எனக்கு முட்டி வலி, நீ போயிட்டு வா."
எண்ணெய் சரி, சாவி எதற்கு?
"பூட்டியிருக்கான்னு பாக்க வேணாமா?"

ஊரின் ஒரே பூட்டு அங்கே தொங்கியது.
பத்தொன்பது மழைக்கும் துருவேறாமல்,
புளிபோட்டுத் தேய்த்த குத்துவிளக்காய்.
எத்தனை வீட்டு எண்ணெய்.
கதவிடுக்கில் குளிர் கசிந்தது,
பழுத்த வாசனையும்,
அதனடியில் மூக்கை அறுக்கும் வேறொன்றும்.
உள்ளே யாரோ கை கழுவிக்கொண்டிருந்தார்கள்.

இரண்டு சொட்டு விட்டேன்.
சாவியை நுழைத்தேன்.
எந்தப் பக்கமும் வழுக்கித் திரும்பத் தயாராயிருந்தது.

தண்ணீர்ச் சத்தம் நின்றது.
சின்னப் பெண்ணின் குரல், மரியாதையாக:
"அண்ணா, ஷிப்டு முடிஞ்சிருச்சா?"

திரும்பிப் பார்த்தேன்.
ஊரில் எல்லா விளக்கும் எரிந்தன.
ஒரு நாயும் குரைக்கவில்லை.

"இன்னும் இல்லம்மா" என்றேன்.

"சரிங்கண்ணா."
"சரிங்கண்ணா."
ஒவ்வொருத்தியாக.

கணக்கெடுப்பவன் இல்லையா,
எண்ணினேன்.
பென்சிலால் குறித்துக்கொண்டேன்.