வலப்பக்கம்

மூன்று முறை கூப்பிட்டார்களாம்.
மூன்றாவதுதான் எனக்குக் கேட்டது.
"சிகப்பி... வயிரவன்..."
பத்திரிகையில் அவர் பெயர் முன்னால் இருந்தது.
இங்கே புகார் கொடுத்தவள் முதலில்.

தேவகோட்டை கோர்ட்டில்
சமரச மையத்துக்குப் புதுச் சுண்ணாம்பு, பழைய மின்விசிறி.
மேசைமேல் ஒரு தட்டில் கல்கண்டு.
எறும்புகள் ஏற்கெனவே ஒத்துப்போயிருந்தன.

வக்கீல் படிக்கிறார்:
"இரு தரப்பாருக்கும் இடையே ஏற்பட்ட
சிறு மனத்தாங்கல் காரணமாக..."

ஆஸ்பத்திரியில் வேறு மாதிரி எழுதியிருந்தார்கள்:
தெரிந்த நபர் ஒருவர், கையால்,
இரவு ஒன்பதே கால், வீட்டில்.
இடது செவிப்பறையில் கிழிசல்.
அந்த நோட்டுக்குப் பெயரே விபத்துப் பதிவேடு.
அங்கேயே தொடங்கிவிட்டது போல
இந்தச் சமரசம்.

அடுத்து சாமான்.
அப்பா எழுதிய முறைச்சிட்டையைப் பிரித்து வைத்து
குமாஸ்தா டிக் அடிக்கிறார்.
கழுத்துரு, சரி.
வெள்ளிக் கும்பா பதினொன்று, சரி.
எவர்சில்வர் வாளி, அடுக்கு, தூக்கு எழுபது உருப்படி,
அறுபத்தொன்பது. போகட்டும், சரி.
கிரைண்டர், கல் விரிசல்.
அப்பா என்னைப் பார்க்கவில்லை.
சரி.
பன்னிரண்டு லட்சத்துக்கு டிடி.
இசைகுடிமானத்துக்கு நான்கு மூலையிலும் மஞ்சள் தடவினார்கள்.
இதற்கு மூலையில் நூல் கோத்தார்கள்.

மத்தியஸ்தம் செய்கிற அம்மா
என் இடப்பக்கம் உட்கார்ந்திருந்தார்.
உதடு அசைந்தது.
மின்விசிறி சுற்றியது.
எல்லோரும் என்னையே பார்த்தார்கள்.
நான் கல்கண்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்பா துண்டை எடுத்தார்.
மாமியார் முந்தானையை இழுத்துச் சொருகினார்.
வக்கீல் பேனாவை மூடினார்.
என் மௌனத்தை
அவரவர் கணக்கில் எழுதிக்கொண்டார்கள்.

பதினெட்டு மாதமாக
எந்த வாய்தாவிலும் நிமிராத தலை நிமிர்ந்து
வயிரவன் சொன்னார்:
"மேடம், அந்தப் பக்கம் அவளுக்குக் கேக்காது.
வலப்பக்கம் வந்து கேளுங்க."

நான் அவரிடம் சொன்னதில்லை.
அந்த இரவுக்குப் பின் பேசினால்தானே.
எதிர்மனுவில் 'முற்றிலும் பொய்' என்று
பதினான்கு இடத்தில் இருக்கிறது, எண்ணியிருக்கிறேன்.
பதிவேட்டின் நகலைப் படித்தாரோ,
இல்லை
கைக்கே தெரிந்துவிடுமோ.

குமாஸ்தாவின் விசைப்பலகை ஓசைப்படவில்லை.
யாரும் அதை எழுதிக்கொள்ளவில்லை.
அந்த அம்மா மட்டும்
நாற்காலியை இழுத்துக்கொண்டு சுற்றி வந்தார்.
"சம்மதம்தானாம்மா? யாரும் கட்டாயப்படுத்தலையே?"
"சம்மதம்."
என் குரல் எனக்குப் பாதிதான் கேட்டது.

வழக்கு இங்கே முடியாதாம்.
அந்தப் பிரிவை ரத்து செய்ய மதுரைக்குப் போகணும்.
அங்கேயும் இதே கேள்விதான்,
ஆதார் அட்டையை மறக்காதீங்க என்றார் வக்கீல்.

ஏழாவது பத்தி சொல்கிறது:
இனி ஒருவர்மீது ஒருவருக்கு எந்தப் பாத்தியதையும் இல்லை.
அவர் சொன்ன அந்த ஒரு வார்த்தையைச் சிட்டையில்
எந்தப் பக்கம் எழுதுவது,
வந்ததிலா, வரவேண்டியதிலா?

வெளியே புளியமரத்தடியில்
குட்டியானையில் கிரைண்டரை ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.
டிரைவர் என் இடப்பக்கம் நின்று
ஏதோ கேட்டார்.
வாடகையாகத்தான் இருக்கும்.
தலையாட்டினேன்.