அறுபத்தொரு குடைகள்

பிரேமன் நகரம், நான்காம் மாடி.
கதவு ஒரு சாணுக்கு மேல் திறக்கவில்லை.
பக்கவாட்டில் நுழைந்தோம்,
நானும் வீப்கேயும், நகராட்சி தந்த கையுறைகளும்.

செய்தித்தாள் மதில்களுக்கு நடுவே
ஓர் உடம்பு போக மட்டும் வழி.
டெட்லெஃப் அதில் திரும்புவதில்லை,
பின்னோக்கியே நடந்துவிடுவார்.

டிராமில் டிக்கெட் பரிசோதித்த முப்பது வருடத்தில்
யார் யாரோ விட்டுப்போன குடைகள்.
"கேட்டு வருவாங்க" என்கிறார்.
ஒன்றை விரித்தேன். வெறும் கம்பி.
"தெரியும். ஆனா மழை பெய்யுமே."

ஃப்ரிட்ஜைத் தூக்கினோம், ஒன்றும் சொல்லவில்லை.
கட்டில், மனைவியின் தையல் மிஷின்,
போகட்டும் என்றார்.
கழுவிக் கவிழ்த்த தயிர் டப்பாக்களில் ஒன்று
என் காலடியில் நசுங்க
இரு கையாலும் காதைப் பொத்திக்கொண்டார்.
வீப்கே படிக்கட்டுக்குப் போய் சிகரெட் பற்றவைத்தாள்.
அவருடைய தங்கை அவள்.

மாலையில்
காலிக் கூடத்தின் குறுக்கே
தோளைக் குறுக்கி, வளைந்து வளைந்து,
இல்லாத மதில்களை உரசாமல்
வாசல்வரை வந்து வழியனுப்பினார்.

வெளியே தூறல்.
அறுபத்தொன்றும் லாரிக்குள்.
என் வெறுந்தலையை அவர் பார்த்த பார்வையை
எங்கே வைப்பது?