பதினோராவது இலக்கம்

துறைமுகத்தில் எனக்குப் பெட்டி எண் பார்க்கிற வேலை.
நாலு எழுத்து, ஆறு எண்,
கடைசியில் தனியாக ஓர் இலக்கம்.
முன்னால் உள்ளதில் ஒன்று பிசகினாலும்
அது காட்டிக்கொடுத்துவிடும்.
பேருக்கு அப்படி ஏதும் இல்லை.

லிவிஷா என்றாள் நாகஜோதி,
பிரசவம் முடிந்த மூன்றாம் நாள்,
இட்லியைப் பிட்டுக்கொண்டே.
என்ன அர்த்தம் என்றேன்.
நல்லாருக்குல்ல, என்றாள்.

மின்ட் நடைபாதையில் வாங்கிய
நாற்பது ரூபாய்ப் புத்தகத்தில்
விடியலின் முதல் கதிர், வடமொழி.
கைபேசியில் ஆலிவ் மரம், கிரேக்கம்.
மச்சினி அனுப்பிய பட்டியலில்
லட்சுமியின் இன்னொரு பேர்.
அந்தப் பட்டியலில் பாதிப் பேருக்கு
அதுதான் அர்த்தம்.

ஒரே பெட்டிக்கு மூன்று ரசீது வந்தால்
நான் கேட்டைத் திறக்க மாட்டேன்.

சௌகார்பேட்டை அடகுக்கடைச் சேட்டு
கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி
எங்க பக்கம் கேட்டதில்ல என்றார்.
மண்ணடியில் மெத்தை தைக்கும் ஜக்கரியா பாய்
வாய்க்குள் இரண்டு முறை உருட்டிப் பார்த்து
அரபி இல்ல தம்பி, உருதும் இல்ல.
கொருக்குப்பேட்டை அப்பலராஜு சிரித்தார்:
தெலுங்குல இந்தப் பேர்ல ஒரு காய்கூட கெடையாது.
ராயபுரத்து டோரத்தி டீச்சர்
ஆலிவ்னா ஆலிவ்னே வைக்க வேண்டியதுதானே என்று
பிஸ்கட் தட்டை என் பக்கம் நகர்த்தினாள்.

தண்டையார்பேட்டை நூலகத்தில்
முதுகு பிய்ந்த அகராதி.
லிபி இருக்கிறது.
லீலை இருக்கிறது.
நடுவில் என் மகள் இல்லை.
மூடிவைத்ததைப் பார்த்து நூலகர் சொன்னார்:
இந்த ஊரே தொண்டியார்பேட்டைம்பாங்க,
போர்டுல பாருங்க, யார் சரிபார்த்தா?

அன்று ராத்திரி
எண்ணூர் சாலையில் லாரிகள் முக்கி முக்கி நகர்ந்தன.
ஜன்னல் கண்ணாடி நடுங்கியது,
குழந்தை நடுங்கவில்லை.
எல்லாம் புளுகு, இந்தப் பேருக்கு மூலமே இல்ல என்றேன்.
நாகஜோதி அவளை
இந்தத் தோளிலிருந்து அந்தத் தோளுக்கு மாற்றினாள்.

பக்கத்துக் கட்டில். பதினேழு.
வெறுங்கையோட போச்சே, அந்தப் பொண்ணு.
போறதுக்கு முன்ன விரிப்ப மடிச்சு வெச்சுட்டு
ஒரே ஒரு தபா கூப்புட்டா, லிவிஷான்னு.
அந்தப் பக்கம் யாருமே இல்ல.
நல்ல பேரு.
அங்கியே வுட்டுட்டு வர மனசு வரல.

அவ பேரு?

கேக்கல.

மண்டல அலுவலகப் படிவத்தில்
அர்த்தத்துக்குக் கட்டம் இல்லை,
மூலத்துக்கும்.
அப்புறம் மாத்த அலையணும், எழுத்தப் பாத்துப் போடுங்க
என்றார் கம்பி வலைக்குப் பின்னாலிருந்தவர்.
ஷாவா, சாவா?
வரிசையை விட்டு வெளியே வந்து போன் போட்டேன்.
தெரிலயே, காதுல வுழுந்ததுதான் என்றாள்.

திரும்ப வரிசையின் கடைசியில் நின்று,
என் முறை வந்ததும்
ஷா போட்டேன்.
இன்னொன்றுக்குப் பொருள் தேட
எந்தப் புத்தகமும் வேண்டியதில்லை.