லைன் லாஸ்

இந்த ஊரில் காலம் குழாயில் வருகிறது.
வீட்டுக்கு வீடு மீட்டர் உண்டு,
கரண்டு மீட்டருக்குக் கீழே, ஒரு சாண் தள்ளி.
இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வந்து
எவ்வளவு ஓடியதென்று எழுதிக்கொண்டு போவேன்.
ராயபுரத்தில் தொடங்கி எண்ணூர் வரை,
நடுவில் ஒடித்துக்கொண்டு வியாசர்பாடி, என் பீட்.
நாய்களுக்கு என்னைத் தெரியும்.

கணக்கு சுலபம்.
அனுப்பியது இவ்வளவு, ஓடியது இவ்வளவு,
இடையில் தொலைந்தது லைன் லாஸ்.
தெற்கே நூற்றுக்கு நான்கு, மிஞ்சினால் ஐந்து.
பாலம் தாண்டி வடக்கே வந்தால் முப்பத்தொன்று.
"திருடுறானுங்க" என்றார் தலைமை அலுவலகத்தில் ஒருவர்,
பிஸ்கெட்டை டீயில் தோய்த்தபடி.

மெகருன்னிசா மேடம் மட்டும் வேறு சொன்னார்.
பழைய லெட்ஜரின் பின்னட்டையில்
பென்சிலால் எழுதி, தேதி போட்டுக் கையெழுத்தும் வைத்திருந்தார்:
காலம் போகிற வழியில் அழகான எதையாவது கண்டால்
நின்று பார்க்கும்.
நின்ற காலம் மீட்டரில் ஏறாது.
எங்கே லாஸ் அதிகமோ அங்கே அழகு அதிகம்.

"வடக்கிலா? அழகா?"
சிரித்த சத்தம் மாடிப்படி வரை கேட்டது.
மேடத்தை ஆவடிக்கு மாற்றினார்கள்.
என் கையில் கட்டிங் பிளேயரும் ஈயச் சீலும் கொடுத்து
திருடனைப் பிடிக்க அனுப்பினார்கள்.

பிடித்தேன்.
விடியற்காலை நாலு மணி, காசிமேட்டு ஏலம்.
கூடையிலிருந்து சரிந்த வஞ்சிரம் ஒன்று
தரையைத் தொடுவதற்குள் பதினொரு நொடி குறைந்தது.
வியாசர்பாடியில் ஒரு கேரம் போர்டு.
சிவப்புக் காய் பாக்கெட்டின் உதட்டில் தயங்க,
சுற்றி நின்ற எட்டுப் பேரும் மூச்சுவிட மறந்ததில்
தெருவுக்கே அரை நிமிடம் வரவில்லை.
டோல்கேட் பக்கம் டெல்பினம்மா
கடன் பாக்கிக்குக் கத்திக்கொண்டே
கூந்தலை அவிழ்த்து முடிந்தாள். ரெண்டு நொடி.
அதை எழுதவில்லை. பில் போட்டால் என்னை வெட்டுவாள்.
கொருக்குப்பேட்டை கேட்டில் மட்டும்
மீட்டர் ரெட்டிப்பாய் ஓடியது.
கூட்ஸ் வண்டிக்குக் காத்திருப்பதில் என்ன அழகு.
எண்ணூரில், சாம்பல் கொட்டிய கழிமுகத்தில்
சாயங்காலம் ஆரஞ்சாய்க் கிடந்தது.
அதைப் பார்த்து நிற்க
காலத்துக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்திருக்கும்.
நின்றது.

ஒரு வீடுதான் எதிலும் அடங்கவில்லை.
புதுவண்ணாரப்பேட்டை, மூணாவது சந்து, மாடி.
எத்திராஜுலு என்பவர் பேரில் இணைப்பு.
பதினாலு மாதமாக ஒரே ரீடிங்.
கதவில் பூட்டு, பூட்டின் மேல் இன்னொரு பூட்டு.
ஆளில்லாத வீட்டிலும் ஓடும் அது,
தூசிக்கு, எலிக்கு, கிழிக்காத காலண்டருக்கு.
இங்கே யாரைப் பார்த்து நிற்கிறது?

ஜன்னல் கம்பியில் முகம் பதித்துப் பார்த்தேன்.
ஒரு இரும்பு பீரோ. அவ்வளவுதான்.
கடல் காற்று தின்று தின்று
கதவு முழுக்கத் துரு,
ஆறும் கிளை ஆறுமாய்,
காவி, கருஞ்சிவப்பு,
மூலையில் பச்சைப் பெயின்டின் தீவு ஒன்று.
யாரும் வரைந்ததில்லை. உப்பும் வருஷமும் செய்தது.

மேடம் எழுதாமல் விட்டது
அங்கேதான் எனக்குப் புரிந்தது.
அந்த அறையில் காலம்
தான் செய்ததைத் தானே பார்த்துக்கொண்டு நின்றது,
"நானா?" என்பது போல.

கண்ணாடி முன் நிற்பவரைப் பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது.
செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு இறங்கினேன்.
சீலைத் தொடவில்லை.
லெட்ஜரில் 'கதவு பூட்டு' என்று மட்டும் எழுதினேன்.

எனக்கு அது ஒரு மூச்சு.
டீக்கடைக் கடிகாரத்தில் நாற்பது நிமிடம்.
ஆபீசில் மெமோ காத்திருக்கும்,
பணி நேரத்தில் எங்கே இருந்தீர் என்று.
விளக்கம் எழுத மூன்று வரி இடம் விட்டிருப்பார்கள்.

ஆவடிக்கு எந்த பஸ் போகும் என்று
கடைக்காரரைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.