பேர் எழுத வேண்டாம்

கொழும்பிலிருந்து வந்த பெட்டியில்
நூற்றுப் பன்னிரண்டு தாள்.
தாளுக்குப் பதினாறு கேள்வி.
கேள்விக்கு ஐந்து முகம்:
அழுகிறதில் தொடங்கி
பல் தெரியச் சிரிப்பதில் முடியும்.
தமிழும் இருந்தது, யாரோ மிஷினில் போட்டு எடுத்த தமிழ்.
"உங்கள் பணியில் எவ்வளவு ஈடுபாட்டுடன் உணர்கிறீர்கள்?"
ஏ.எல். முடித்த எனக்கே
இரண்டு தரம் வாசிக்க வேண்டியிருந்தது.

பிரட்டுக்களத்தில் பனி எழும்பவில்லை.
தினுஷா மிஸ் கைகளைக் கம்பளிக்குள் இழுத்துக்கொண்டு
சிங்களத்தில் சொல்லச் சொல்ல
நான் தமிழில் சொன்னேன்:
பயப்பட வேண்டாம்,
மனசில் உள்ளதைப் போடுங்கள்,
பேர் எழுத வேண்டாம்.

அவ்வளவுதான்.
வரிசை முழுக்கச் சலசலப்பு.
"பேரு இல்லியா? அப்ப இன்னக்கி யாருக்கு வேல?"
படங்கை இறுக்கிக் கட்டியபடி புஷ்பகாந்தி.
"அரப் பேராச்சும் போடுவீங்களா ஐயா?"

மிஸ்ஸுக்கு இதை எப்படிச் சொல்வது.
இங்கே பேர் என்பது
தொட்டிலில் வைத்தது அல்ல.
பதினெட்டுக் கிலோ நிறுத்தால் ஒரு பேர்.
பதினேழரை என்றால் அரை.
தண்ணீருக்குக் கழித்து, சாக்குக்குக் கழித்து,
தராசு தின்றது போக மிஞ்சுவது பேர்.
மாதக் கடைசியில் பேரை எண்ணித்தான்
கடைக்காரன் அரிசி நிறுக்கிறான்.

"இதெல்லாம் ரகசியம்" என்று சொல்லிப் பார்த்தேன்.
ரகசியம் என்றதும்
இன்னும் கொஞ்சம் பயந்தார்கள்.

பென்சிலைக் கொடுத்தது கங்காணி வேலாயுதம்.
முதுகுக்குப் பின்னால் நின்றதும் அவர்.
தாளைத் திரும்ப வாங்கியதும் அவர்தான்.

பகல் முழுக்க கந்தோரில் தட்டினேன்.
ஐந்து. ஐந்து. ஐந்து.
உங்கள் கருத்தை மேலாளர் கேட்கிறாரா? ஐந்து.
கழிப்பறை வசதி திருப்தியா? ஐந்து.
ஏழாம் நம்பர் மலையில் கழிப்பறை என்றால்
மானாப்புல் மறைவு,
ஒருத்தி போனால் இன்னொருத்தி காவல்.
அதற்கும் பல் தெரியச் சிரிப்பு.
கீழ்க்கணக்கைப் போல சந்தோஷமான இடம்
இந்த இலங்கையில் இல்லை.

எழுபத்தோராவது தாள்
எந்த முகத்தையும் தொடவில்லை.
ஐந்தாவதுக்கும் பக்கத்தில்,
ஓரத்து வெற்றிடத்தில்,
கேள்விக்குக் கேள்வி ஒரு ஆறாவது முகம்.
வட்டம். இரண்டு கண்.
வாய் இல்லை.
பதினாறு தடவையும் இல்லை.
பென்சில் அழுத்திய இடத்தில் தாள் கொஞ்சம் கிழிந்து,
மூலையில் கொழுந்துக் கறை படிந்த விரல்.

யாரென்று தெரியவில்லை.
தெரியக்கூடாது என்றுதானே சொன்னோம்.
ஆனாலும் மூன்று பேரின் விரல்கள்
கண்ணுக்குள் வந்து போயின.

வெறுமையாய் விட்டால் கட்டம் சிவப்பாகிறது.
ஒன்றிலிருந்து ஐந்துக்குள் போடு என்கிறது.
கொழும்பிலிருந்து போன் வந்தது,
ஒரு வரி காணவில்லையாம், கூட்டம் நாலு மணிக்காம்.
நான் மூன்று போட்டேன்.
பதினாறு மூன்று.
அரைப் பேர்.

வெள்ளிக்கிழமை மெயில் வந்தது,
எங்கள் கணக்குதான் முதலாவது.
ஆளுக்கொரு கோப்பை அனுப்புகிறார்கள்,
"நாம் ஒரே குடும்பம்" என்று எழுதி.
பெரியதுரை என் தோளில் தட்டினார்.

என் தாள் இன்னும் மேசை லாச்சியில்.
அதன் அடியில் பாஸ்போர்ட் போர்ம்,
போட்டோ ஒட்டியது, தேதி போடாதது.
பதினாறாவது கேள்வி:
அடுத்த வருடமும் இங்கே இருப்பீர்களா?
ஓரத்தில் ஒரு வட்டம் போட்டேன்.
கண் இரண்டும் போட்டேன்.
அதற்குள் மடுவத்திலிருந்து கூப்பிட்டார்கள்.
அந்திக் கொழுந்து வந்துவிட்டது,
மழை நாள்,
ஆளுக்கு மூன்று கிலோ தண்ணீர் கழிக்க வேண்டும்,
நான்தான் கழிக்க வேண்டும்.