காரணம்: காற்று

வரைபடம் பொய் சொல்கிறது என்று
ஒரே ஆண்டில் பதினோரு கடிதங்கள்.
தோர்ஸ்ஹவுன் அலுவலகம் என்னை அனுப்பியது,
ஐம்பது மீட்டர் நாடாவும் முக்காலியும்
ஈரம் புகாத பதிவேடும் கொடுத்து,
ஃபாரோ தீவுகளின் வடகோடிக்கு, ஸ்கார்வவாக் என்ற ஊருக்கு.

படகைவிட்டு இறங்கியதும் வழக்கம்போல
மழையைப் பற்றி ஏதோ உரக்கச் சொன்னேன்.
கயிறு பிடித்த பையன் உதட்டில் விரல் வைத்தான்.
என் காலடியில் படித்துறை
ஒரு சாண் நீண்டிருந்தது.

அங்கே அப்படித்தான்.
ஹெயின் இருமினால் அவன் வேலிப்படல் வடக்கே போகும்,
இருமலுக்கு இரண்டு விரற்கடை.
ஒரு குளிர்காலம் முழுக்க மார்ச்சளி.
பனி கரைந்து பார்த்தால்
அடுத்த வீட்டு உருளைக்கிழங்குப் பாத்தி அவனுடையது.
வழக்குப் போடவும் வழியில்லை,
மனுவை யாராவது வாய்விட்டுப் படிக்க வேண்டுமே.

சிரித்தால் கூரைப்புல் வளரும்.
அதனால் ஒழுகுகிற வீடாகப் பார்த்துக்
கல்யாணம் வைக்கிறார்கள்.
நாய்களுக்குக் குரைக்கத் தெரியும்,
ஏனோ கொட்டாவி விடுவதோடு சரி.
தேவாலய மணியின் நாக்குக்கு ஆட்டுத்தோல் சுற்றியிருக்கிறது.
துறைமுக வாயைக் காலையில் அளந்தேன்: நாற்பத்தொன்று.
மாலையில் நாற்பத்து மூன்று.
இடையே யாரோ ஒரு வாளியைக் கீழே போட்டிருந்தார்கள்.

மார்யுன் வீட்டில் தங்கினேன்.
கொக்கியில் இரண்டு மழையங்கிகள்,
ஒன்று மட்டும் காய்ந்து விறைத்துக் கிடந்தது.
ரோயி கடலுக்குப் போய் ஏழு வருடம் என்றாள்
உலைமூடி ஆவி விடுவதுபோல.
கூப்பிட்டுப் பார்த்ததில்லையா,
என்று கேட்டுவிட்டேன், வாய் தவறி.
எங்களுக்கு நடுவில் மேசை ஒரு முழம் அகன்றது.

அவள் எட்டிச் சாய்ந்து
உப்புக்கிண்ணத்தை என் பக்கம் தள்ளினாள்.
"அப்போது என் தொண்டை வேறு.
இந்தக் குரலுக்கு வருகிறவன்
வேறு யாராவதாக இருப்பான்."

நான்காம் இரவு மூடுபனி.
முனையில் சங்கு ஊதத் தொடங்கியது,
அரசாங்கச் சங்கு, நிமிடத்துக்கு ஒருமுறை, ஐந்து விநாடி.
அந்த ஐந்து விநாடிக்காகத்தான்
ஊர் வருடம் முழுக்கக் காத்திருக்கிறதென்று
எனக்கு யாரும் சொல்லவில்லை.
கதவுகள் திறந்தன.
சங்கின் அடியில் ஒளிந்துகொண்டு எல்லாரும் கத்தினார்கள்,
கடனை, கோபத்தை, ஆட்டின் பெயரை,
பத்து வயதில் சொல்லாமல் விட்ட ஒரு கெட்ட வார்த்தையை.
எது எதை மாற்றியது என்று எவன் கண்டான்?
சங்கு நின்றதும் வாய்கள் பட்டென்று மூடிக்கொள்ளும்.
அடுத்ததற்காகக் கழுத்து நரம்புகள் புடைத்து நிற்கும்.

மார்யுன் வாசலில் நின்றாள்.
அவள் வாய் திறந்ததைப் பார்த்தேன்.
பெயர் சொல்லும் வாய் இல்லை அது.
படகை மணலேற்றுகிறவர்கள்
கடைசி இழுப்பில் விடுகிற மூச்சு.

விடிந்ததும் படகுச்சரிவில்
அடிக்கட்டை இழுபட்ட புதுத் தடம்,
ஈரமாக, கடலிலிருந்து மேலே.
படகு இல்லை. ஆள் இல்லை.
தடத்தின் ஓரத்தில் ஓர் உயிருள்ள நண்டு
வழி தெரியாமல் சுற்றியது.

என் தொழில் அளப்பது. அளந்தேன்.
ஆறு மீட்டர் இருபது.
"அவன் படகு ஐந்தரை," என்றாள் அவள்.
கிசுகிசுத்துத்தான்.
பிறகு வெகுநேரம் அந்தத் தடத்தையே பார்த்திருந்துவிட்டு,
பட்டப்பகலில், சங்கு இல்லாமல், முழுக்குரலில்:

"மறுபடி அள."

மலைக்கு அந்தப் பக்கம் ஏதோ சரிந்தது.
ஹெயின் வீட்டுச் சன்னல் திறந்து மூடியது.
நாடாவை மறுபடி விரித்தேன், கை நடுங்கியது.
ஐந்தரை.

பதிவேட்டில் இரண்டு எண்களும் இருக்கின்றன,
முதலாவதன்மேல் ஒரு கோடு.
காரணம் என்ற கட்டத்தில்
காற்று என்று எழுதினேன்,
பேனாவை அழுத்தாமல்,
தாளில் உரசும் சத்தம்கூட வராமல்.